என்னவாம்

மெஷினின் வட்டக் கண்ணாடிக்குள் அப்பா இடுப்பில் கட்டுகிற சாரம் சுற்றுகிறது. நீலச் சாரம், பிறகு படுக்கை விரிப்பு, திரும்பவும் நீலச் சாரம். இன்னும் நாற்பத்தெட்டு நிமிடம் என்று காட்டுகிறது. பன்னிரண்டேகாலுக்குத் தோய்த்து முடியும். உலர்த்துவதற்கு அரை மணி நேரம். பன்னிரண்டே முக்கால். தம்பி ஒரு மணிக்கு வருகிறான். நடுவில் பதினைந்து நிமிடம் இருக்கிறது, அதற்குள் மேலே போய் அப்பாவிடம் சொல்லிவிடலாம். தாராளமான நேரம். இருபத்திரண்டு வருடமாக ஸ்வீடிஷ் தொலைக்காட்சிக்குத் தொடர் எழுதுகிறவள் நான், தயாரிக்கிறவளும்கூட. ஒரு கொலையைச் செய்து, பிணத்தை ஏரியில் போட்டு, கொன்றவனை மனைவிக்கு முன்னால் அழவைக்க எனக்கு நாலு நிமிடம் போதும். இது ஒரேயொரு வசனம். அப்பா, அது தம்பி இல்லை, நான். ஐந்து சொல். இப்போதே எழுந்து மூன்று மாடி ஏறினால் சொல்லிவிடலாம், ஓடுகிற மெஷினுக்குக் காவல் இருக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. ஆனாலும் கட்டடத்தின் நிலவறையில், எல்லோருக்கும் பொதுவான இந்தச் சலவை அறையில், மர வாங்கில் உட்கார்ந்து கால்களை ஒடுக்கிக்கொண்டு இருக்கிறேன். காலையில் பகீரதன் தொலைபேசியில் அழைத்தபோது நான் அப்பாவின் விரிப்பை உருவிக்கொண்டிருந்தேன். வெஸ்டரோஸிலிருந்து பேசினான், பின்னால் பஸ் டிப்போவின் இரைச்சல். அங்கேதான் பஸ் ஓட்டுகிறான். "அக்கா, நான் இண்டைக்கு ஒரு மணிக்கு வாறன். அப்பாட்ட மன்னிப்புக் கேக்கப் போறன்." எதற்கு என்று கேட்டேன். எனக்குத் தெரியாதது போலக் கேட்டேன், அவனும் எனக்குத் தெரியாதது போலப் பதில் சொன்னான். "அம்மாவின்ர விஷயத்துக்குத்தான். ரெண்டு வருஷமாய் அந்த மனுஷன் என்னோட கதைக்கேல்ல. எண்பது வயசாச்சு. நான் கேக்காமல் அவர் போயிட்டால் என்ன செய்யிறது?" வா என்றேன். நல்லது, வா என்றேன். அதற்குப் பிறகு என்ன சொன்னேன்? சோறு வைக்கிறேன் என்று சொன்னேன். மெஷினில் நாற்பத்தேழு.

அவனுக்கு அப்போது எட்டு வயது, எனக்குப் பன்னிரண்டு. யாழ்ப்பாணத்தை விட்டு வந்து மூன்று வருடம். அப்பா மேற்குக் கரையில் ஒரு மீன் தொழிற்சாலையில் வேலை, இரண்டு கிழமைக்கு ஒருமுறை வருவார். அம்மாவுக்கு வயிற்றுக்குத்து தொடங்கி, கண் மஞ்சளாகி, ஆஸ்பத்திரியில் எல்லாச் சோதனையும் எடுத்து, முடிவு சொல்லக் கூப்பிட்ட நாள் ஒரு மார்ச் மாதத்து வியாழக்கிழமை. வரவேண்டிய மொழிபெயர்ப்பாளருக்குக் காய்ச்சல். பிள்ளை ஸ்வீடிஷ் நன்றாகப் பேசுகிறாளே என்று டாக்டர் என்னைப் பார்த்தார். நான் பெருமையாகத் தலையாட்டினேன், அது நல்ல ஞாபகம், அந்தப் பெருமை. பகீ எங்களுக்குப் பின்னால், ஜன்னலோரம் நின்றான். டாக்டர் வயதானவர், மெதுவாக, ஒவ்வொரு சொல்லையும் எனக்காக நிறுத்தி நிறுத்திச் சொன்னார். புற்றுநோய். ஈரலுக்குப் பரவிவிட்டது. வெட்டி எடுக்க முடியாது. அரை வருடம் இருக்கலாம், கொஞ்சம் கூடவும் இருக்கலாம். எல்லாச் சொல்லும் எனக்கு விளங்கியது. ஒரு சொல்லாவது விளங்காமல் போயிருக்கக்கூடாதா என்று பிறகு எத்தனையோ தரம் நினைத்திருக்கிறேன், ஆனால் நான் வகுப்பில் கெட்டிக்காரி. அம்மா என் பக்கம் திரும்பினாள். சீலைத் தலைப்பைக் குளிருக்குக் காதோடு போர்த்தியிருந்தாள். "என்னவாம்?" என்றாள். நான் வாயைத் திறந்தேன். "புண்ணாம் அம்மா. வயித்துக்குள்ள புண். மருந்து குடிச்சால் ஆறுமாம், கொஞ்சம் நாளெடுக்குமாம்." அம்மா மூச்சை விட்டாள். அந்த மூச்சு, அப்படி ஒரு மூச்சை என் எந்த நடிகையாலும் விட முடியவில்லை. டாக்டர் என்னைக் கேட்டார், அம்மாவுக்கு யாரையாவது பார்க்க வேண்டும் என்று ஆசை இருக்கிறதா, தூரத்தில் இருக்கிற யாரையாவது, கேட்டுச் சொல். நான் அம்மாவிடம், இங்கத்தைச் சாப்பாடு பிடிச்சிருக்கோ எண்டு கேக்கிறார் என்றேன். "உப்பில்லை எண்டு சொல்லு" என்றாள் அம்மா, சிரித்தாள்கூட. நான் டாக்டரிடம் திரும்பி, எல்லோரும் இங்கேதான் இருக்கிறார்களாம், யாரையும் பார்க்க வேண்டியதில்லையாம் என்றேன். அம்மாவின் தங்கை, எங்கள் சின்னம்மா, அப்போது ஜெர்மனியில் இருந்தாள். அம்மாவும் அவளும் ஒரு கல்யாணப் பேச்சில் கோபித்து நாலு வருடம் கதைக்கவில்லை. தெரிந்திருந்தால் அம்மா அன்றைக்கே அவளுக்கு அழைத்திருப்பாள். தெரியாததால், புண் ஆறட்டும், கோடைக்குப் போய்ப் பார்ப்பம் என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். சின்னம்மா நவம்பரில் வந்தாள், பெட்டியில் கிடந்தவளின் காலைப் பிடித்துக்கொண்டு எழும்ப மாட்டேன் என்றாள்.

இது பன்னிரண்டு வயதுப் பிள்ளை செய்த காரியம், மன்னிக்கலாம். நானே மன்னித்திருப்பேன், வேறு யாருடைய பிள்ளையாக இருந்தாலும். மன்னிக்க முடியாதது அது இல்லை. முப்பத்தொன்று. இல்லை, முப்பத்தொன்பது, கண்ணாடியில் நீராவி. அக்டோபரில் அம்மாவுக்கு நினைவு தப்பிய பிறகுதான் அப்பாவுக்குத் தெரிந்தது. ஒழுங்கான மொழிபெயர்ப்பாளரை வைத்து டாக்டர் சொன்னார், மார்ச்சிலேயே உங்கள் மனைவிக்குச் சொன்னோம், பிள்ளைகள் இருந்தார்கள் என்று. அப்பா எங்களைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன். தம்பி என்னைப் பார்த்துவிட்டு அவனும் நிலத்தைப் பார்த்தான். அப்பா எங்களைத் துருவவில்லை. அவர் எடுத்துக்கொண்டது வேறு அர்த்தம். "தெரிஞ்சுகொண்டு என்னட்டைச் சொல்லாமல் போயிட்டாள்" என்று முப்பது வருடம் சொன்னார். செத்த வீட்டில் சொன்னார், ஒவ்வொரு திவசத்திலும் சொன்னார், சில நேரம் பெருமை போலவும் சில நேரம் கோபமாகவும். நான் அதைக் கேட்டுக்கொண்டு வளர்ந்தேன், படித்தேன், வேலைக்குப் போனேன். என் வேலையைப் பற்றிப் பேட்டி எடுக்கிறவர்கள் எப்படித் தொடங்கினீர்கள் என்று கேட்பார்கள். பத்தொன்பது வயதில் படங்களுக்கு ஸ்வீடிஷில் வரிகள் எழுதினேன் என்பேன், திரைக்குக் கீழே ஓடுகிற வரிகள். பிறகு சிறுவர் நிகழ்ச்சி. பிறகு துறைமுக ஊர் ஒன்றைப் பற்றிய தினசரித் தொடர், ஏழு வருடம், ஒரு மேசையைச் சுற்றி எட்டுப் பேர், நாளுக்கு ஐந்து காட்சி. அங்கே எனக்கு ஒரு பெயர் இருந்தது. யாராலும் முடிக்க முடியாத காட்சியை என்னிடம் தள்ளுவார்கள். ஒருத்தி ஒன்றைக் கேட்பாள், மற்றவன் வேறொன்றுக்குப் பதில் சொல்வான், நடுவில் உண்மை யாருக்கும் படாமல் போகும், அந்த மாதிரிக் காட்சி. இதை எங்கே படித்தாய் என்று தலைமை எழுத்தாளர் கேட்டார். சிரித்தேன்.

பிறகு என்னுடைய சொந்தத் தொடர். ஆறு பாகம். அகதியாக வந்த ஒரு தமிழ்க் குடும்பம், ஸ்வீடனில் முதல் பத்து வருடம். நானே எழுதினேன், நானே தயாரித்தேன், நாலு வருட உழைப்பு. நாலாவது பாகத்தில் அந்த ஆஸ்பத்திரி அறை. முதல் எழுத்தில் அந்த மேசைக்கு முன்னால் இருந்தது ஒரு பெண்பிள்ளை. இரண்டாவது எழுத்திலும் பெண்பிள்ளை. மூன்றாவதில் அவள் பின்னால் ஜன்னலோரம் போய் நிற்கிறாள், சின்னப் பையன் மேசைக்கு முன்னால் வருகிறான். ஏன்? நடிக்கத் தெரிவு செய்யும்போது ஒரு பொடியன் வந்தான், பத்து வயது, அவன் முகத்தைப் பார்த்தால் யாரும் கண்ணெடுக்க மாட்டார்கள், அவனுக்காகத்தான் மாற்றினேன். அப்படித்தான் எல்லோரிடமும் சொன்னேன், பொய்யில்லை. ஆனால் அவன் வந்தது மே மாதம், நான் மாற்றியது ஏப்ரல். சரி, பெண்பிள்ளை என்றால் எல்லோரும் என் கதை என்று நினைப்பார்கள், கதையைக் கதையாகப் பார்க்க மாட்டார்கள், அதற்காக மாற்றினேன். இதுவும் பொய்யில்லை. ஒரு காலை, தனியாக, சமையலறையில், தேநீர் ஆறிக்கொண்டிருக்க, பெயரை மட்டும் மாற்றிப் பார்ப்போமே என்று மாற்றினேன். வாசித்தேன். நெஞ்சுக்குள் இருந்து ஏதோ இறங்கிப்போனது. அவ்வளவு சுகம். அம்மா அன்று விட்டாளே, அந்த மூச்சை அன்றைக்கு நான் விட்டேன். அதைத்தான் பேட்டியில் சொல்ல முடியாது. தொடர் வெளியானது, நாடு முழுக்கப் பேசினார்கள், அந்தக் காட்சிக்கு மட்டும் ஒரு பரிசு கொடுத்தார்கள். விழாவுக்கு அப்பாவைக் கூட்டிப்போனேன். நரைத்த தலையை அழுத்தி வாரி, கோட்டுப் போட்டு, முதல் வரிசையில் இருந்தார். அவர் இன்னும் தொடரைப் பார்த்திருக்கவில்லை. நான் மேடையில் ஏறி என் குடும்பத்துக்கு நன்றி என்றேன், கை தட்டினார்கள், அப்பாவும் தட்டினார்.

அதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை, சோறு சாப்பிட்ட பிறகு, தானாகவே போட்டுப் பார்த்தார். நான் பக்கத்தில் இருந்தேன். அந்தக் காட்சி வந்தது, போனது. அப்பா தொடரை நிறுத்தி ரிமோட்டை மடியில் வைத்தார். பிறகு, "அப்ப அவளுக்குத் தெரியாதே?" என்றார். திரையைப் பார்த்துத்தான் கேட்டார். "முப்பது வருஷம் நான் அவளைக் குறை சொன்னனான். அவளுக்குத் தெரியாதே பிள்ளை?" தெரியாது அப்பா என்றேன். "இவன்தானே சொன்னவன்? பகீதானே?" அது கேள்வி. அதற்கு ஆம், இல்லை என்று இரண்டு பதில்தான் உண்டு. நான், "சின்னப் பிள்ளை அப்பா, பயத்தில சொல்லியிருக்கும்" என்றேன். கேட்டதற்கு இல்லாமல் வேறொன்றுக்குப் பதில். யாரும் முடிக்காத காட்சியை முடிக்கிறவள் அல்லவா. அன்றிலிருந்து அப்பா தம்பியின் தொலைபேசியை எடுக்கவில்லை. அவன் வந்தால் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். திட்டக்கூட இல்லை. ஒரு மாதம் கழித்துத் தம்பி என்னை அழைத்தான். என்ன நடந்தது, ஏன் இப்படி எழுதினாய் என்று கேட்பான் என்று நினைத்தேன், பதில்கூடத் தயாராக வைத்திருந்தேன். அவன் மெதுவாக, பக்கத்தில் மனைவி நித்திரை கொள்கிறாள் போல, "அக்கா, அது நான்தானோ?" என்றான். "எனக்கு அந்த அறை வடிவாய் ஞாபகம் இல்லை. கதவு மட்டும்தான் ஞாபகம். ஆனா படத்தைப் பாத்தாப் பிறகு எல்லாம் வருது. நான்தான் சொன்னனானோ?" "அது கதையடா" என்றேன். கதையடா. இல்லையென்று சொல்லவில்லை. ஒவ்வொரு இரவும் அந்த இடத்துக்கு வந்து நிற்கிறேன், இல்லையென்று சொல்லியிருக்கலாம், ஸ்வீடிஷில் அது மூன்றே மூன்று எழுத்து, பஸ்காரன் டிக்கெட் கேட்டால்கூட இல்லை என்கிறோம். பிறகு அவன், "நீங்கள் என்னைக் காட்டிக்குடுக்காமல் இவ்வளவு காலம் இருந்திருக்கிறியள்" என்றான். நன்றி சொன்னான், எனக்கு.

கதவு திறக்கிறது. இரண்டாம் மாடி குன்வோர், கையில் கூடை. ஒரு மணிக்கு என் முறை, நீங்கள் அதற்குள் முடித்துவிடுவீர்களா என்று கேட்கிறாள். நிச்சயமாக என்கிறேன். போகாமல் நிற்கிறாள். நல்ல பெண், அப்பாவுக்குக் கிறிஸ்மஸுக்கு ரொட்டி கொண்டுவந்து கொடுப்பாள். "உங்களுடைய தொடரைப் போன கிழமை திரும்பவும் பார்த்தேன்" என்கிறாள். "அந்தத் தாய்க்காக எவ்வளவு அழுதேன் தெரியுமா. ஆனால் அந்தப் பையனை என்னால் மன்னிக்கவே முடியவில்லை." அவன் சின்னப் பையன்தானே என்கிறேன். "சின்னப் பையன்தான்" என்கிறாள், கூடையை இடுப்புக்கு மாற்றிக்கொண்டு, "இருந்தாலும் பிறகு வளர்ந்தானே. வளர்ந்த பிறகாவது சொல்லியிருக்கலாமே." கதவு தானாக மூடிக்கொள்கிறது. வளர்ந்த பிறகு. ஆமாம். மெஷின் நின்றுவிட்டதை இப்போதுதான் கவனிக்கிறேன். ஈர உடுப்பை அள்ளி மற்ற மெஷினில் போடுகிறேன், சாரம், விரிப்பு, உள்பெனியன்கள், எல்லாம் கனக்கின்றன. பொத்தானை அழுத்துகிறேன். அரை மணி நேரம். சொன்னால் அப்பா என்ன செய்வார்? என்னோடும் கதைக்க மாட்டார். செய்யட்டும். கிழமைக்கு இரண்டு தரம் நான் வராவிட்டால் யார் சோறு வைப்பது, யார் இந்தச் சாரத்தைத் தோய்ப்பது, அதனால் சொல்லாமல் இருப்பதுதான் அவருக்கு நல்லது. பார், இப்படித்தான். எவ்வளவு அழகாக ஒரு காரணம் வந்து பக்கத்தில் இருக்கிறது. தம்பிக்கு இரண்டு பிள்ளைகள், மூத்தவளுக்கு அம்மாவின் பெயர். தாத்தா ஏன் எங்களோடு கதைக்கிறதில்லை என்று அவள் கேட்டாளாம். அதற்கு அவன் என்ன சொல்லியிருப்பான்? தான் செய்யாததை ஒரு பிள்ளைக்கு எப்படிச் சொல்வது? தான் செய்தது என்று நம்பிவிட்டால் சொல்லலாம். சொல்லியிருப்பான். உலர்த்தும் மெஷினின் சூடு முழங்காலில் படுகிறது, நல்லாயிருக்கிறது, எழும்ப மனமில்லை, வயிற்றுக்குள் மட்டும் அந்த மார்ச் மாதத்துப் பிள்ளை வாயைத் திறந்து நிற்கிறாள். சொல்லுவேன். கதவைத் திறந்ததும் சொல்லுவேன், கூடையைக் கீழே வைக்க முன்னமே.

லிஃப்ட் இருக்கிறது, நான் உலர்ந்த உடுப்புக் கூடையோடு படியில் ஏறுகிறேன். கதவு பூட்டாமல் கிடக்கிறது. உள்ளே தம்பி கழற்றிவிட்ட சப்பாத்து. முந்திய ரயிலில் வந்துவிட்டான். அப்பா கதிரையில், தம்பி அவர் காலடியில், நாற்பத்திரண்டு வயது, பஸ் கம்பெனி ஜாக்கெட்டோடு நிலத்தில் குந்தியிருக்கிறான். அப்பாவின் கை அவன் தலையில். இரண்டு பேரும் அழுது முடித்த முகம். கூடையைக் கீழே வைக்கவில்லை, அப்படியே சொன்னேன். "அப்பா, அது பகீ இல்லை. நான். நான்தான் அம்மாவுக்குப் புண் எண்டு சொன்னனான்." அப்பா என்னைப் பார்த்தார். கோபம் இல்லை அந்தப் பார்வையில், எனக்குக் கோபம்தான் வேண்டியிருந்தது. "உனக்கு எப்பவும் அவனில பாசம் பிள்ளை" என்றார். "பாசமில்லை அப்பா, உண்மை. நான் முன்னுக்கு இருந்தனான், அவன் ஜன்னலடியில நிண்டவன்." அப்பா கேட்டார். "உண்மையெண்டால் ஏன் நாடகத்தில பொடியனை வைச்சனீ?" எனக்கு மூன்று காரணம் தெரியும், நாலாவதும் தெரியும். "பயத்தில அப்பா." "பயந்தவள் எழுதாமல் விட்டிருப்பாளே. ஊர் முழுக்கக் காட்டினனீ, எனக்குப் பக்கத்தில இருந்து பாத்தனீ, நான் கேக்க நீ இல்லையெண்டு சொல்லேல்லையே. இப்ப தம்பி அழுறதைக் கண்டோடன ஒரு கதை கட்டுறாய். உனக்கு அது கஷ்டமில்லை, அதுதானே உன்ர தொழில்." சத்தமில்லாமல், பரிவோடு சொன்னார். நான் தம்பியைப் பார்த்தேன், நீ சொல்லு என்பது போல. அவன் மூக்கைத் துடைத்தான். "விடுங்கோ அக்கா. எனக்கு இப்ப எல்லாம் நல்லா ஞாபகம் இருக்கு. டாக்டருக்குப் பின்னால ஒரு மீன் தொட்டி இருந்தது. நான் அந்தச் செம்மீனைப் பாத்துக்கொண்டுதான் அம்மாவுக்குச் சொன்னனான். அம்மான்ர முகத்தைப் பாக்கேல்ல." ஆஸ்பத்திரி அறையில் மீன் தொட்டி இருக்கவில்லை. படப்பிடிப்பன்று டாக்டரின் பின்னால் சுவர் வெறுமையாகத் தெரிகிறது என்று, ஸ்டுடியோ உணவகத்திலிருந்து ஒரு தொட்டியைத் தூக்கிவந்து வைத்தார்கள். நான்தான் சரி என்று தலையாட்டினேன். அதைச் சொன்னேன். "பகீ, அது நாங்கள் கொண்டுவந்து வைச்ச தொட்டியடா." அவன் என்னைப் பார்த்துச் சிரித்தான், நோயாளியைப் பார்த்துச் சிரிப்பது போல. "ரெண்டு இடத்திலயும் இருந்திருக்கும் அக்கா. நீங்கள் அங்க பாத்ததைத்தானே இங்க வைச்சிருப்பியள்." அப்பா கையை எடுத்தார், கதிரையைப் பிடித்து எழும்பினார். "காணும், விடு. செத்தவளும் கேட்டுக்கொண்டிருப்பாள். சோத்தைப் போடு பிள்ளை, அவன் காலமையிலயிருந்து சாப்பிடேல்ல." நான் கூடையை வைத்தேன். மூன்று சாப்பாட்டுக் கோப்பை எடுத்தேன், சோறு போட்டேன், பருப்பு, கத்தரிக்காய், உருளைக்கிழங்குப் பொரியல். அவர்கள் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தார்கள். மூத்தவள் எத்தனையாம் வகுப்பு என்று அப்பா கேட்டார், அஞ்சாம் வகுப்பு என்றான் தம்பி, அவளுக்கு ஸ்வீடிஷ்தான் முதலில் வருகிறது, தமிழ் விளங்கும், கதைக்கத்தான் மாட்டாள் என்றான். அப்பா தன் கோப்பையிலிருந்த பொரியலை அள்ளி அவன் கோப்பையில் வைத்தார். அவன் குனிந்தபடியே சாப்பிட்டான். நான் எனக்குப் போட்ட சோற்றோடு நெடுநேரம் இருந்தேன், யாரும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை.